மார்வன் அத்தபத்து: முதல் 6 இன்னிங்ஸில் 1 ஓட்டம், பிறகு 6 இரட்டைச் சதம், நடுவில் என்ன நடந்தது?

பெரியகல்லாற்றில் இருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார். பாடசாலையின் 19 வயதுக்குட்பட்ட அணியில் ஆரம்பத் துடுப்பாட்ட வீரர். இந்தப் பருவத்தில் கடினப்பந்தில் ஆடிய 5 இன்னிங்ஸில் 3 முட்டை, அதாவது ஓட்டம் எடுக்காமல் ஆட்டமிழப்பு. வீட்டில் "போதும், இனி ஏ.எல். (உயர்தரப் பரீட்சை) படிப்பைப் பார்" என்கிறார்கள். கூட்டாளிமார் "அத்தபத்துவும் முட்டையில்தான் தொடங்கினார், விட்டுடாதே" என்கிறார்கள். யார் சொல்வது சரி, இலங்கை அணியின் முன்னாள் ஆரம்பத் துடுப்பாட்ட வீரரான அத்தபத்து உண்மையில் எப்படி மீண்டு வந்தார் என்பது கேள்வி.

தம்பி, உங்கள் கூட்டாளிமார் சொல்வது பொய் இல்லை, ஆனால் அது பாதிக் கதை. அந்தப் பாதியை மட்டும் கேட்டுவிட்டு அடுத்த மாட்ச்சுக்கு இறங்கினால் நாலாவது முட்டையும் வரும். மிச்சப் பாதியைச் சொல்லத்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன். 30 வருடத்துக்கு மேலாக மட்டக்களப்பில் ஆடியும், நடுவராக நின்றும், பின்னேரங்களில் பொடியன்களுக்குப் பந்து போட்டும் வருகிறவன் நான். அத்தபத்துவின் பெயரை வைத்துப் பிள்ளைகளுக்கு ஆறுதல் சொல்கிற ஆட்களை நிறையப் பார்த்திருக்கிறேன். அந்த மனிதர் 1990க்கும் 1997க்கும் இடையில் என்ன செய்துகொண்டிருந்தார் என்று மட்டும் அவர்கள் ஒருவரும் சொல்வதில்லை.

முதலில் அந்த முட்டைகளை எடுப்போம். 1990 நவம்பர் 23, சண்டிகர், இந்தியாவுக்கு எதிரான டெஸ்ட். அதற்கு முந்தைய நாள்தான் அத்தபத்துவுக்கு 20 வயது நிறைந்திருக்கிறது. முதல் இன்னிங்ஸில் 0, இரண்டாவதிலும் 0. கேட்கும்போது பொடியன் பயந்துவிட்டான் என்றுதான் தோன்றும். ஆனால் அந்த ஸ்கோர் அட்டையை முழுதாகப் பார்க்க வேண்டும். இலங்கையின் முதல் இன்னிங்ஸ் மொத்தமே 82 ஓட்டம். வெங்கடபதி ராஜு என்ற இடக்கைச் சுழற்பந்து வீச்சாளர் 12 ஓட்டத்துக்கு 6 விக்கெட் எடுத்தார். அர்ஜுன ரணதுங்க, அரவிந்த டி சில்வா எல்லாம் இருந்த அணி அது. ஒரு அணியே 82க்குச் சுருண்ட இடத்தில் முதல் டெஸ்ட் ஆடுகிற 20 வயதுப் பிள்ளை 0 எடுத்தது பெரிய குற்றம் இல்லை. ஆனால் அவர் பெயருக்கு நேரே விழுந்த 0 அவருடையதுதானே.

அடுத்த டெஸ்டுக்கு 21 மாதம் காத்திருந்தார். 1992 ஓகஸ்ட், கொழும்பு எஸ்.எஸ்.சி. மைதானம், அவுஸ்திரேலியா. அந்தப் போட்டியை நினைத்தால் எனக்கு இன்னும் வயிறு எரியும். முதல் இன்னிங்ஸில் இலங்கை 8 விக்கெட்டுக்கு 547. குருசிங்க சதம், அர்ஜுன சதம், முதல் டெஸ்டிலேயே களுவிதாரண ஆட்டமிழக்காமல் 132. இப்படி எல்லாரும் அள்ளிக்கொண்டு போன அதே இன்னிங்ஸில் அத்தபத்துவுக்கு 0. மறுகா கடைசி நாள், வெல்ல 181 வேண்டும், 2 விக்கெட்டுக்கு 127 வரை போயாச்சு. அதற்குப் பிறகு 37 ஓட்டத்துக்குள் 8 விக்கெட்டும் விழுந்து 16 ஓட்டத்தால் தோற்றோம். அவுஸ்திரேலியச் சுழற்பந்து வீச்சாளர் ஷேன் வோர்ன் என்ற பெயரை உலகம் கவனிக்கத் தொடங்கியது அன்றைக்குத்தான். அந்தச் சரிவின் நடுவே அத்தபத்து எடுத்தது 1. டெஸ்டில் அவருடைய முதல் ஓட்டம் அதுதான்.

1994 ஆரம்பத்தில் இந்தியப் பயணத்தில் மூன்றாவது வாய்ப்பு. மீண்டும் 0, 0. ஆக 3 டெஸ்ட், 6 இன்னிங்ஸ், மொத்தம் 1 ஓட்டம். அதோடு மூன்று வருடத்துக்கு டெஸ்ட் அணியின் கதவு மூடிக்கொண்டது. 1996 உலகக் கிண்ணம் வென்ற 14 பேரில் அவர் பெயரும் இருந்தது, ஆனால் ஒரு போட்டியிலும் ஆடவில்லை. இலங்கையின் வரலாற்றிலேயே பெரிய வெற்றியை அவர் வெளியே உட்கார்ந்து பார்த்திருக்கிறார்.

அந்த 1990 எங்கள் பக்கம் எப்படி இருந்தது என்று நான் இங்கே விரிக்கத் தேவையில்லை. ஜூன் மாதம் சண்டை திரும்பத் தொடங்கியது. நவம்பரில் மாட்ச் பார்க்கிற நிலையில் யாரும் இல்லை. நான் பாடசாலை முடித்த வயது. எங்கள் அணியில் என்னோடு ஆடிய 11 பேரில் பாதிப் பேர் அந்த வருடம் ஊரிலேயே இல்லை. சண்டிகர் முடிவை நான் அறிந்தது சில நாள் பிந்தி வந்த பழைய பத்திரிகைத் துண்டில். சீனி சுற்றிக்கொடுத்த தாள் அது. அத்தபத்து என்ற பெயருக்குப் பக்கத்தில் இரண்டு 0 இருந்ததை அதில்தான் பார்த்தேன். எனக்கும் அவருக்கும் ஏறக்குறைய ஒரே வயது என்பதால்தானோ என்னவோ அந்தப் பெயர் மனதில் நின்றுவிட்டது. பிறகு அவரை விடாமல் பின்தொடர்ந்தேன்.

சரி, இனி விஷயத்துக்கு வருவோம். 1990க்கும் 1997க்கும் நடுவே அவர் செய்தது என்ன? ஓட்டம் எடுத்தார், அவ்வளவுதான். உள்ளூர் முதல்தரப் போட்டிகளில், வாரா வாரம், பருவம் பருவமாக, மலை மாதிரி ஓட்டம் குவித்தார்.

அவர் களுத்துறையில் பிறந்தவர். முதலில் காலி மகிந்த கல்லூரி, பிறகு கொழும்பு ஆனந்தா கல்லூரி. பாடசாலை முடிந்ததும் சிங்கள விளையாட்டுக் கழகம், அதாவது எஸ்.எஸ்.சி. கடைசி வரைக்கும் அதுவே அவருடைய கழகம். 1990களில் கழகங்களுக்கு இடையிலான முதல்தரப் போட்டி பீ. சரவணமுத்து கிண்ணம் என்ற பெயரில் நடந்தது. இலங்கைக் கிரிக்கெட் கட்டுப்பாட்டுச் சபையின் முதல் தலைவர் பாக்கியசோதி சரவணமுத்துவின் பெயர். பொரளைப் பக்கம் இருக்கிற பீ. சரா மைதானமும் அவர் பெயரில்தான். நம்மவர் பெயரில் ஒரு கிண்ணம் இருந்திருக்கிறது என்பதே இன்றைக்கு எங்கள் பிள்ளைகளில் பலருக்குத் தெரியாது.

அந்தக் கழகப் போட்டி என்றால் என்ன என்று யோசித்துப் பாருங்கள். மூன்று நாள் ஆட்டம். புற்தரை ஆடுகளம். எதிரே பந்து போடுகிறவன் ஒன்று தேசிய அணியில் இருந்தவன், அல்லது இனிப் போகத் துடிக்கிறவன். வெள்ளிக்கிழமை 0க்கு ஆட்டமிழந்தால் ஞாயிற்றுக்கிழமை இரண்டாவது இன்னிங்ஸ் இருக்கிறது, அதிலும் சறுக்கினால் அடுத்த வாரம் இன்னொரு மாட்ச் இருக்கிறது. தேசிய அணி அவரை வெளியே வைத்த நாட்களில் கழகம் அவரை வெளியே வைக்கவில்லை. அதே ஆரம்ப இடம், அதே நெட்ஸ், காலையில் போனால் பந்து போட ஆள். முதல்தரப் போட்டிகளில் அவருடைய மொத்தம் கடைசியில் 14,000 ஓட்டத்தைத் தாண்டியது, சதங்கள் 40க்கு மேல். அதில் டெஸ்ட் சதம் 16தான். மிச்சத்தை எங்கே அடித்தார் என்று கேளுங்கள். யாரும் பார்க்காத மைதானங்களில், பத்துப் பேர் உட்கார்ந்திருந்த கலரிக்கு முன்னால்.

தெரிவாளர்கள் அவரை மூன்று தடவை கூப்பிட்டார்கள், மூன்று தடவையும் தோற்றார். நாலாவது தடவை ஏன் கூப்பிட்டார்கள்? இரக்கப்பட்டா? இல்லை. கழகப் போட்டிகளின் ஓட்டப் பட்டியலில் மேலே மேலே அந்தப் பெயர் வந்துகொண்டே இருந்ததால், அதைத் தாண்டி இன்னொரு பெயரை எழுத முடியாத நிலை. 1997 மார்ச்சில் நியூஸிலாந்துப் பயணத்தில் திரும்ப வந்தார். அந்த வருடமே நவம்பரில், மொஹாலியில், இந்தியாவுக்கு எதிராக 108. முதல் டெஸ்ட் சதம்.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனியுங்கள், எனக்கு இது எப்போது நினைத்தாலும் உடம்பு சிலிர்க்கும். மொஹாலி என்பது சண்டிகரோடு ஒட்டிய ஊர். 1990 நவம்பரில் இரண்டு 0 எடுத்த நகரத்தின் ஓரத்தில், 1997 நவம்பரில், கிட்டத்தட்ட அதே தேதிகளில், அதே இந்தியாவுக்கு எதிராகச் சதம். இடையில் 7 வருடம். அந்த 7 வருடத்தை எடுத்துவிட்டு இரண்டு முனையை மட்டும் ஒட்டிச் சொல்லும்போதுதான் இது ஏதோ அற்புதம் மாதிரிக் கேட்கிறது.

அதற்குப் பிறகு நடந்ததை வேகமாகச் சொல்கிறேன், இதெல்லாம் எல்லாருக்கும் தெரிந்தது. 1998 ஜனவரியில் கண்டி அஸ்கிரியவில் சிம்பாப்வேக்கு எதிராக 223, முதல் இரட்டைச் சதம். 1999இல் புலவாயோவில் ஆட்டமிழக்காமல் 216. 2000ஆம் ஆண்டு கண்டியில் பாகிஸ்தானுக்கு எதிராக ஆட்டமிழக்காமல் 207, அந்த இன்னிங்ஸில் சனத் ஜயசூரியவோடு முதல் விக்கெட்டுக்கு 335 ஓட்ட இணைப்பாட்டம், சனத் 188. 2001 பெப்ரவரியில் காலியில் இங்கிலாந்துக்கு எதிராக ஆட்டமிழக்காமல் 201. அதே வருடம் எஸ்.எஸ்.சி.யில் பங்களாதேஷுக்கு எதிராக 201 எடுத்ததும் உள்ளே கூப்பிட்டுக்கொண்டார்கள். மஹேல ஜயவர்தனவையும் அதே இன்னிங்ஸில் 150இல் கூப்பிட்டார்கள். இப்படித் தானாக வெளியேறி அது ஆட்டமிழப்பாகவே பதிவான முதல் டெஸ்ட் வீரர்கள் அந்த இரண்டு பேரும்தான். 2004இல் மறுபடி புலவாயோ, 249, சங்கக்காரவோடு இரண்டாவது விக்கெட்டுக்கு 438.

6 இரட்டைச் சதம். சச்சின் டெண்டுல்கர் 200 டெஸ்ட் ஆடி எடுத்ததும் 6தான். அத்தபத்து ஆடியது 90.

நியாயமாகச் சொல்ல வேண்டியதையும் சொல்லிவிடுகிறேன். அந்த ஆறில் மூன்று சிம்பாப்வேக்கு எதிராக, ஒன்று பங்களாதேஷுக்கு எதிராக. 2004இல் சிம்பாப்வேயின் மூத்த வீரர்கள் சபையோடு முரண்பட்டு விலகி நின்றார்கள், எதிரே இருந்தது பிள்ளைகள் மாதிரி ஒரு அணி. இதைச் சொல்லித்தான் சிலர் அவரைக் குறைத்துப் பேசுவார்கள். நான் அதை ஏற்கமாட்டேன். பாகிஸ்தானுக்கும் இங்கிலாந்துக்கும் எதிராக எடுத்த இரண்டும் எந்தப் பட்டியலிலும் நிற்கும். பலவீனமான அணி என்றாலும் 200 ஓட்டம் வரைக்கும் ஒரு மனிதன் கவனம் சிதறாமல் நிற்பது இலேசான காரியமா? வெயிலில் நின்று பார்த்தவனுக்குத் தெரியும்.

ஒருநாள் போட்டியில் 268 ஆட்டம், 8,529 ஓட்டம், 11 சதம். 1998இல் லோர்ட்ஸில் முக்கோணத் தொடரின் இறுதிப் போட்டி, இங்கிலாந்தை வென்ற நாள், ஆட்டமிழக்காமல் 132. 2003 உலகக் கிண்ணத்தில் டேர்பனில் தென் ஆபிரிக்காவுக்கு எதிராக 124. மழை வந்து, தென் ஆபிரிக்கா வெற்றி இலக்குக் கணக்கைத் தவறாக வாசித்து, மார்க் பௌச்சர் கடைசிப் பந்தைத் தடுத்து நிறுத்தி, போட்டி சமநிலையாகி, போட்டியை நடத்திய நாடே முதல் சுற்றோடு வெளியேறியது. எல்லாரும் பௌச்சர் தடுத்த அந்தப் பந்தைத்தான் நினைவு வைத்திருக்கிறார்கள். அந்தச் சமநிலைக்கு இலங்கை எடுத்த 268இல் கிட்டத்தட்டப் பாதியை அடித்தவரை மறந்துவிட்டார்கள்.

இப்போது தம்பி, உங்களுக்கு நேரடியாக வேண்டிய இடம். இத்தனை இரட்டைச் சதம் எடுத்த அதே மனிதர் டெஸ்டில் மொத்தம் 22 தடவை ஓட்டம் எடுக்காமல் ஆட்டமிழந்திருக்கிறார். 4 டெஸ்டில் இரண்டு இன்னிங்ஸிலும் 0. அதில் 2 மட்டும்தான் அந்த ஆரம்ப காலத்துக்கு உரியது. அதாவது, முட்டை அவரை விட்டுப் போகவே இல்லை. பெரிய வீரரான பிறகும் வந்துகொண்டேதான் இருந்தது. புதுப்பந்துக்கு முன்னால் நிற்கிற ஆரம்பத் துடுப்பாட்ட வீரருக்கு அது கூடவே வருகிற விஷயம்.

மாறியது எது என்றால், நின்ற பிறகு அவர் என்ன செய்தார் என்பது. டெஸ்டில் 33 தடவை 50ஐத் தாண்டினார். அதில் 16ஐச் சதமாக்கினார். அந்த 16இல் 6 இரட்டைச் சதம். அதாவது, 50க்குப் போனால் ஏறக்குறைய இரண்டில் ஒன்று 100, 100க்குப் போனால் ஏறக்குறைய மூன்றில் ஒன்று 200. 50 ஓட்டம் எடுத்ததும் அவருக்குப் பசி கூடியிருக்கிறது என்றுதான் நான் புரிந்துகொள்கிறேன். சராசரி 39.02. அந்த முதல் 6 இன்னிங்ஸைக் கழித்துவிட்டுக் கணக்குப் போட்டால் அது 40ஐத் தாண்டிவிடும். அந்த ஆரம்ப கால முட்டைகள் கடைசி நாள் வரைக்கும் அவருடைய சராசரியைக் கீழே இழுத்துக்கொண்டே இருந்திருக்கின்றன.

அவர் ஆடிய விதத்தைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். 2002 மே மாதம், யுத்த நிறுத்தம் வந்து மூன்று மாதம். டவுனில் ஒரு தேநீர்க் கடையில் டிவி வைத்திருந்தார்கள், லோர்ட்ஸ் டெஸ்ட். அன்றைக்கு அத்தபத்து 185. கடைக்குள் நின்றவர்கள் நாலுக்கும் கவர் டிரைவுக்கும் கை தட்டினார்கள். எனக்குப் பிடித்தது அவர் விட்ட பந்துகள். ஓஃப் ஸ்டம்புக்கு வெளியே வருகிற பந்துக்கு முன்கால் குறுக்கே போகும், துடுப்பு தோளுக்கு மேலே போகும், ஆனால் தலை அசையாது. கண் பந்தோடு கூடவே போய் விக்கெட் காப்பாளரின் கையுறைக்குள் அது விழுவது வரைக்கும் பார்த்துவிட்டுத்தான் திரும்பும். ஒவ்வொரு பந்துக்கும் அப்படித்தான். விடுகிற பந்தைக் கூட ஆடுகிற பந்து மாதிரிப் பார்த்தார். ஒரு மணித்தியாலம் இப்படி விட்ட பிறகு பந்து வீச்சாளர் பொறுமை இழந்து காலுக்கு நேரே போடுவார், அப்போது மணிக்கட்டை இலேசாகத் திருப்பி மிட் விக்கெட்டில் இரண்டு. பந்து எந்த ஸ்டம்பில் வருகிறது என்று இத்தனை துல்லியமாகத் தெரிந்து விடுவதற்கு வீட்டு முற்றத்தில் பழகினால் போதாது, புற்தரையில் ஆயிரக்கணக்கான பந்தைப் பார்த்திருக்க வேண்டும். அவர் பார்த்திருந்தார்.

இங்கேதான் எங்கள் ஊர் நிலைமையைப் பேச வேண்டியிருக்கிறது. நாங்கள் பழகுவது பெரும்பாலும் கொங்கிரீட்டில் விரித்த விரிப்பில். அதில் பந்து ஒழுங்காக எழும்பும், கணுக்காலுக்குக் கீழே தங்காது, தையலில் பட்டுத் திரும்புவதும் குறைவு. அதனால் எங்கள் பிள்ளைகள் பின்காலில் நின்று அடிப்பதில் கெட்டிக்காரர்கள். வெட்டுவார்கள், இழுத்து அடிப்பார்கள், பார்க்க அழகு. வெளி மாவட்டத்துக்குப் போய்ப் புற்தரையில் இறங்கியதும் முதல் ஓவரிலேயே ஒன்று எல்.பி. (ஸ்டம்புக்கு நேரே வரும் பந்து காலில் பட்டு ஆட்டமிழப்பு), இல்லையென்றால் ஸ்லிப்பில் பிடி. மென்பந்துச் சுற்றுப்போட்டி வாரா வாரம் நடக்கிறது, கல்முனை, அக்கரைப்பற்று, களுவாஞ்சிக்குடி எங்கே பார்த்தாலும் பதாகை. கடினப்பந்தில் ஒரு பிள்ளைக்கு ஒரு பருவத்தில் கிடைப்பது ஏழெட்டு இன்னிங்ஸ். உங்களுக்கு இதுவரை 5. அந்த 5ஐ வைத்துக்கொண்டு நீங்கள் நல்ல வீரரா இல்லையா என்று யாராலும் சொல்ல முடியாது, தம்பி. உங்கள் வீட்டாராலும் முடியாது, கூட்டாளிமாராலும் முடியாது, என்னாலும் முடியாது.

பல வருடத்துக்கு முன்னால் எங்கள் பக்கத்துப் பொடியன்கள் இரண்டு பேரை இரவு பஸ்ஸில் கொழும்புக்கு ஒரு கழகத்தின் தெரிவுப் பயிற்சிக்குக் கூட்டிக்கொண்டு போனேன். 300 கிலோமீற்றருக்கு மேல் பயணம், அந்த நாளில் வழி நெடுக இறங்கி ஏறிச் சோதனை. காலையில் பஸ் நிலையத்தில் முகம் கழுவிக்கொண்டு நேரே மைதானத்துக்குப் போனோம். ஆளுக்கு 6 பந்து. ஒருவன் மூன்றைத் தவறவிட்டான், மற்றவன் ஒன்றை விளிம்பில் வாங்கினான். பேரை எழுதிக்கொண்டார்கள், அவ்வளவுதான், பிறகு ஒரு தகவலும் இல்லை. புற்தரையை அந்தப் பிள்ளைகள் கண்டதே அன்றைக்குத்தான். நான் யாரையும் குறை சொல்லி இதை எழுதவில்லை, அங்கே அன்றைக்கு நூறு பிள்ளைகள் வரிசையில் நின்றார்கள். அத்தபத்துவுக்கு 6 இன்னிங்ஸ் தோற்றும் 7 வருடம் கிடைத்தது, எங்கள் பிள்ளைக்குக் கிடைத்தது 6 பந்து. அவர் கதையைச் சொல்லி "விடாதே" என்கிறவர்கள் இந்த வித்தியாசத்தையும் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்பதுதான் என் வாதம்.

அவருடைய அணித்தலைவர் காலத்தைப் பற்றியும் கொஞ்சம் சொல்லத்தான் வேண்டும், அதில் எங்கள் கரையும் இருக்கிறது. 2003 உலகக் கிண்ணத்துக்குப் பிறகு ஒருநாள் அணிக்கும், அடுத்த வருடம் டெஸ்ட் அணிக்கும் தலைவரானார். 2004இல் ஆசியக் கிண்ணத்தை இந்தியாவிடம் இருந்து கொழும்பில் 25 ஓட்டத்தால் வென்றது அவருடைய அணி. தென் ஆபிரிக்காவை டெஸ்டில் 1-0, ஒருநாள் தொடரில் 5-0 என்று அனுப்பியதும் அதே மாதத்தில்தான். வருடக் கடைசியில் நியூஸிலாந்துக்குப் போனார்கள். டிசம்பர் 26ஆம் தேதி ஓக்லந்தில் முதல் ஒருநாள் போட்டி.

அன்றைக்குக் காலையில் சுனாமி. கல்லடி, நாவலடி, கல்முனை, மருதமுனை... இதற்கு மேல் எனக்கு எழுத வராது. எங்கள் அணியின் துடுப்புகள், விரிப்பு, ஸ்கோர் புத்தகங்கள் எல்லாம் கடற்கரைப் பக்கத்து வீடொன்றில் இருந்தன. அந்த வீடு இல்லை. வீட்டில் இருந்தவர்களும் இல்லை. அத்தபத்துவின் அணி தொடரை விட்டுவிட்டுத் திரும்பி வந்தது. 2005 ஏப்ரலில் அதே நியூஸிலாந்துக்கு மறுபடி போய் நேப்பியரில் அவர் 127 எடுத்தார். நாங்கள் அந்த நேரத்தில் கூடாரங்களுக்கு நடுவே இருந்த வெற்றிடத்தில் பிள்ளைகளுக்கு மென்பந்து போட்டுக்கொண்டிருந்தோம். ஒருவர் வானொலி வைத்திருந்தார். அவர் "கப்டன் சதம் போட்டிட்டான்" என்று கூவியது இன்னும் காதில் இருக்கிறது. மூன்று மாதத்துக்கு மேலான பிறகு அங்கே யாரோ ஒருவர் சத்தம் போட்டுச் சந்தோஷப்பட்டதை அன்றைக்குத்தான் கேட்டேன்.

முடிவு அவருக்கு நல்லபடி அமையவில்லை. முதுகு உபாதையால் 2006இல் தலைவர் பதவி மஹேலவிடம் போனது, திரும்ப வரவில்லை. 2007 உலகக் கிண்ண அணியில் பெயர் இருந்தும் ஒரு போட்டியிலும் இறக்கவில்லை, 1996 மாதிரியே. அந்த வருடக் கடைசியில் அவுஸ்திரேலியப் பயணம். அங்கே தெரிவுக்குழுவைப் பற்றிப் பகிரங்கமாகக் கடுமையாகப் பேசினார், ஹோபார்ட் டெஸ்டோடு விடைபெற்றார். கடைசி இன்னிங்ஸில் 80. எல்லாருக்கும் சங்கக்காரவின் 192தான் நினைவு, மறுமுனையில் நின்று இணைப்பாட்டத்தைக் கட்டியவர் அத்தபத்து. தொடங்கியது 0இல், முடித்தது 80இல். பிற்பாடு பயிற்றுவிப்பாளராக வந்து 2014இல் இங்கிலாந்து மண்ணில் டெஸ்ட் தொடரை வென்ற அணியோடு நின்றார், அடுத்த வருடம் பாகிஸ்தானிடமும் இந்தியாவிடமும் தோற்றதும் விலகினார்.

இனி உங்கள் விஷயம். படிப்பா கிரிக்கெட்டா என்று வீட்டில் கேட்கிறார்கள் அல்லவா, ஏ.எல். படிப்பை விடாதீர்கள். இதை ஒரு கிரிக்கெட்காரன் சொல்வது உங்களுக்குப் பிடிக்காது, ஆனாலும் சொல்கிறேன். பரீட்சை நன்றாக வந்தால் பல்கலைக்கழக அணி இருக்கிறது, கொழும்பில் வேலை கிடைத்தால் வர்த்தக நிறுவனங்களுக்கு இடையிலான போட்டி இருக்கிறது. எங்கள் பக்கத்துப் பிள்ளைக்குப் புற்தரையில் வருடம் முழுக்க இன்னிங்ஸ் கிடைக்கிற வழிகளில் அவை முக்கியமானவை. வாய்ப்பு இருக்கிற இடத்துக்குப் போவதற்கு உங்களிடம் இருக்கிற டிக்கெட் அந்தப் பரீட்சைதான். அதே நேரம் துடுப்பைக் கட்டிலுக்குக் கீழே போடவும் வேண்டாம். வீட்டாரிடம் வாரத்தில் இரண்டு பின்னேரம் கேளுங்கள். இரண்டு பின்னேரத்தை யாரும் மறுக்கமாட்டார்கள், கேட்கிற விதத்தில் கேட்டால்.

அந்த 3 முட்டையும் எப்படி வந்தது என்று நீங்கள் எழுதவில்லை. எனக்கு அதுதான் தெரிய வேண்டும். மூன்றும் ஒரே மாதிரி ஆட்டமிழப்பா, வேறு வேறா? எத்தனையாவது பந்து? விரிப்பிலா, புற்தரையிலா? இடக்கை வேகமா, உள்ளே வருகிற பந்தா? மூன்றும் முன்கால் போகாமல் எல்.பி. என்றால் அது இரண்டு மாதத்தில் சரிசெய்யக்கூடிய பழக்கப் பிழை. ஒன்று ரன் அவுட், ஒன்று அருமையான பந்து, ஒன்று அவசரத்தில் தூக்கி அடித்தது என்றால், அதில் திருத்த வேண்டியது அந்த மூன்றாவது ஒன்றை மட்டும்தான். மற்ற இரண்டு இன்னிங்ஸில் எவ்வளவு எடுத்தீர்கள் என்பதையும் நீங்கள் எழுதவில்லை, பாருங்கள். 12, 15இல் நின்றுவிட்டீர்களா, 40க்குப் போனீர்களா? எனக்கு முட்டையை விட அதுதான் முக்கியம். 40க்குப் போகிறவனுக்கு முட்டை வந்தால் நான் கவலைப்படமாட்டேன்.

பாடசாலையில் ஸ்கோர் புத்தகம் இருக்கும். அணிப் பொறுப்பாசிரியரிடம் கேட்டு அந்த 5 மாட்ச்சின் பக்கங்களையும் போனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள், பந்துக்குப் பந்து குறித்த பக்கங்கள். சனிக்கிழமைகளில் பின்னேரம் 4 மணிக்குப் பிறகு நான் வெபர் மைதானத்தில் இருப்பேன். கல்லாற்றில் இருந்து பஸ்ஸில் ஒரு மணித்தியாலம் வரும். பேடும் கையுறையும் கொண்டு வாருங்கள், பந்து என்னிடம் இருக்கிறது, 6 பந்து இல்லை, இருட்டும் வரைக்கும் போடுகிறேன்.